வயலுக்கு முதுகு, காட்டுக்கு முகம்

ராகிக் கதிர் முற்றும் மாதங்களில் ஜவளகிரிப் பக்கம் ஆம்பிளைகள் வீட்டில் படுப்பது கிடையாது. ஐப்பசி பிறந்தால் பன்னேருகட்டா காட்டிலிருந்து யானைகள் கர்நாடக எல்லையைத் தாண்டி எங்கள் காட்டுக்குள் இறங்கும். பிறகு தளி, நொகனூர், சானமாவு என்று கூட்டம் கூட்டமாகப் பிரிந்து போகும். அவற்றின் பாதையில் முதலில் இருப்பவை எங்கள் வயல்கள். அப்பா வயலோரத்துப் புங்கமரத்தில் பரண் கட்டியிருந்தார். ஒரு தகர டின், அதைத் தட்ட ஒரு கட்டை, நாலு வெடி, ஒரு பேட்டரி லைட், போர்த்திக்கொள்ள ஒரு கம்பளி. காவலுக்கு அவ்வளவுதான் கருவிகள்.

பத்து வயதில் முதல் முறையாகப் பரண் ஏறினேன். ஏறியதும் ராகியைப் பார்த்தபடி உட்கார்ந்தேன். காக்க வந்தது அதைத்தானே. அப்பா என் தோளைப் பிடித்துத் திருப்பிவிட்டார்.

“வயலை என்னாத்துக்குடா பாக்கற? அது எங்கயும் போவாது. காட்டப் பாரு.”

பதினேழு வருஷம் ராணுவத்தில் இருந்தேன். அதில் பெரும்பகுதி கோல்கீப்பராக நின்றேன். முதலில் பெங்களூரின் மண் மைதானங்களில், பிறகு செயற்கைப் புல்லில், கடைசியில் லே நகரத்தில் உறைந்துபோன குளத்தின் மேல். மூன்று தரையிலும் எனக்குக் கைகொடுத்தது அந்தப் பரண்தான். கோல்கீப்பர் தான் காக்கும் பொருளைப் பார்ப்பதில்லை. அது முதுகுக்குப் பின்னால் இருக்கிறது. அது எவ்வளவு அகலம், தான் அதன் நடுவில் நிற்கிறோமா, ஒரு முழம் விலகி நிற்கிறோமா என்பதெல்லாம் முதுகுக்குத் தெரிந்திருக்க வேண்டும். கண்ணுக்கு வேறு வேலை இருக்கிறது.

1987-ல் மெட்ராஸ் இன்ஜினியர் குரூப்பில் சேப்பராகச் சேர்ந்தேன். 1780-ல் தொடங்கிய படைப்பிரிவு அது. பெங்களூரில் அல்சூர் ஏரியை ஒட்டி அதன் மையம் இருக்கிறது. எம்.இ.ஜி.காரன் என்றால் ராணுவம் முழுக்க ‘தம்பி’ என்றுதான் கூப்பிடுவார்கள். அங்கே ஹாக்கி விளையாட்டு மட்டும் இல்லை, பரம்பரைச் சொத்து மாதிரி. நான் அதுவரை ஹாக்கி ஸ்டிக்கைக் கையில் தொட்டதில்லை. உயரமாக இருந்தேன், வரும் பந்தைக் கண்டு கண்ணை மூடவில்லை. இந்த இரண்டையும் பார்த்துவிட்டுக் குடகுக்கார சுபேதார் ஒருவர் என்னைக் கோலில் நிறுத்தினார். ஹாக்கியில் குடகுக்காரர் சொன்னால் பெங்களூரில் எதிர்த்துப் பேச ஆள் கிடையாது.

முதல் நாள் அவர் எனக்குப் பந்து அடிக்கவே இல்லை. இரண்டு நீளக் கயிறுகளை எடுத்துக் கோல் கம்பத்துக்கு ஒன்றாகக் கட்டினார். மறுமுனை இரண்டையும் டி-க்கு, அதாவது கோலுக்கு முன்னால் போட்ட வளைவுக்கு, உள்ளே பந்து இருக்கும் இடத்தில் சேர்த்து முளையடித்தார். நீளமான முக்கோணம் ஒன்று தரையில் விழுந்தது. “கோல் கோட்டுக்குப் போய் நில்” என்றார். நின்றேன். எனக்கு இரண்டு பக்கமும் ஆள் புகும் அளவுக்கு இடைவெளி. “நாலு அடி முன்னால் வா.” வந்தேன். இடைவெளி குறைந்தது. “இன்னும் வா.” இன்னும் வந்தபோது இரண்டு கயிறும் என் இரண்டு பேடையும் உரசின. கோல் அதே 3.66 மீட்டர் அகலம், அதே 2.14 மீட்டர் உயரம்தான். பந்து இருக்கும் இடத்திலிருந்து பார்த்தால் இப்போது கோலே இல்லை, நான்தான் இருக்கிறேன். கோணத்தை அடைப்பது என்று இதைச் சொல்வோம். அதே சமயம் ரொம்ப முன்னால் வந்துவிட்டால் பந்தைத் தலைக்கு மேல் தூக்கிப் போட்டுவிடுவான், அல்லது பக்கத்தில் இருப்பவனுக்குத் தள்ளிவிடுவான். எவ்வளவு முன்னால் வரலாம் என்ற கணக்குதான் இந்தத் தொழிலில் பாதி. மற்றவர்கள் பாய்ந்து விழுந்து பிடிப்பதைக் கைதட்டிப் பார்ப்பார்கள். பாய வேண்டிய தேவை வராமல் நிற்பவனே நல்ல கீப்பர் என்பது என் தீர்மானமான எண்ணம்.

பின்னால் போகும்போது திரும்பிப் பார்க்காமல் ஸ்டிக்கை நீட்டிக் கம்பத்தைத் தட்டிக்கொள்ள வேண்டும். வலது கம்பம் ஒரு தட்டு, இடது கம்பம் ஒரு தட்டு. அந்த ‘டொக்’ சத்தம் கேட்டால்தான் நான் எங்கே இருக்கிறேன் என்று எனக்குத் தெரியும். இன்றைக்கும் எந்தக் கதவுக்கு முன்னால் நின்றாலும் கை தானாகப் பின்னால் போய் நிலையைத் தொடுகிறது.

அந்தக் காலத்துப் பேட் துணியும் பஞ்சும் மூங்கில் பட்டையும் வைத்துத் தைத்தது. மழையில் நனைந்தால் கனம் இரண்டு மடங்காகும். காலணி மேல் கட்டும் கிக்கர் தோலால் ஆனது. பந்து பட்டால் வலி குறையுமே தவிர மறையாது. பந்தின் எடை 156 முதல் 163 கிராம் வரை இருக்கும்; கல் மாதிரி கெட்டி. உயர் அடர்த்தி ஃபோமில் செய்த பேடும் கிக்கரும் வந்த பிறகுதான் கீப்பிங் வேறு தொழிலாக மாறியது. பழைய கிக்கரில் பந்து பட்டால் காலடியில் செத்து விழும், அதைப் பிறகு உதைத்து அனுப்ப வேண்டும். ஃபோம் கிக்கரில் பட்டால் பந்து தானே தெறித்து டி-க்கு வெளியே ஓடும். தடுப்பதும் வெளியேற்றுவதும் ஒரே அசைவாயிற்று. எங்கள் யூனிட்டுக்கு முதல் ஃபோம் செட் வந்த அன்று ராத்திரி அதைக் கட்டிலுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படுத்தேன்.

பெங்களூரில் கோல்கீப்பராக இருப்பது பெருமைப்படக்கூடிய விஷயம். 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்ற அணியின் கீப்பர் மானுவல் ஃப்ரெடெரிக், கண்ணூரில் பிறந்து ராணுவத்தில் சேர்ந்து பெங்களூரில் வாழ்ந்தவர். முகத்துக்குக் கம்பி இல்லாமல் கோலில் நின்ற தலைமுறை அது. குடகின் ஏ.பி. சுப்பையா 1992 பார்சிலோனாவில் கோலில் நின்றார். அவருக்குப் பின் ஆஷிஷ் பல்லால். ராணுவக்காரர்களான எங்களுக்கு இவர்களுக்கெல்லாம் முன்னோடி ஒருவர் உண்டு. மராத்தா லைட் இன்ஃபன்ட்ரியின் ஷங்கர் லக்ஷ்மண். 1956, 1960, 1964 என்று மூன்று ஒலிம்பிக்கில் இந்தியாவின் கோலில் நின்றவர். 1964 டோக்கியோ இறுதியாட்டத்தில் பாகிஸ்தான் ஒரு கோலும் போட முடியவில்லை. 1-0 என்று தங்கம் நமக்கு வந்தது. அவர் கடைசிக் காலத்தில் காலில் நோயோடும் பண முடையோடும் இருந்து 2006-ல் இறந்தார். நாட்டுக்காகப் பந்தைத் தடுத்த கால் அது. அந்தச் செய்தியைப் படித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

1998 டிசம்பரில் பாங்காக் ஆசிய விளையாட்டு இறுதியாட்டம். கொரியாவோடு 1-1 என்று முடிந்து பெனால்டி ஸ்ட்ரோக்குக்குப் போனது. 6.40 மீட்டர் தூரத்தில் பந்து. அடிப்பவன் ஸ்டிக் பந்தைத் தொடும்வரை கீப்பர் அசையக் கூடாது. ஆஷிஷ் பல்லால் இரண்டைத் தடுத்தார். 4-2 என்று வென்று முப்பத்திரண்டு வருஷத்துக்குப் பிறகு ஆசியத் தங்கம் வந்தது. அந்தத் தங்கத்துக்குப் பிறகு தன்ராஜ் பிள்ளை, பல்லால் உட்படப் பலர் அடுத்த அணியில் இல்லை. கீப்பரின் வாழ்க்கை எப்படிப்பட்டது என்று என்னிடம் யாராவது கேட்டால் இந்த ஒரு மாதத்தைச் சொல்வேன்.

அதற்கு இரண்டு வருஷம் முன்னால், 1996-ல், எனக்கு லடாக் போஸ்டிங் வந்தது. பாதை வெட்டுவது, பாலம் போடுவது எங்கள் வேலை. லே நகரம் கடல்மட்டத்திலிருந்து சுமார் 3,500 மீட்டர். போய் இறங்கியதும் ஆறு நாள் உடம்பைப் பழக்க வேண்டும். ஓடக் கூடாது, சுமை தூக்கக் கூடாது. ஜவளகிரியும் குளிர் ஊர்தான், மார்கழியில் எங்கள் வீட்டில் அடுப்பை விட்டு யாரும் நகர மாட்டார்கள். அந்தக் குளிர் இந்தக் குளிரின் வாசல்படிக்கு வராது. வாளித் தண்ணீர் வாளி வடிவத்திலேயே கல்லாகிவிடும்.

டிசம்பர் கடைசியில் ஒரு காலை, லடாக்கி ஹவில்தார் ஒருவர் எங்கள் பாரக்குக்கு வந்து, “இங்கே பேட் வைத்திருக்கிற ஆள் யார்?” என்று இந்தியில் கேட்டார். நான் எழுந்து நின்றேன். பனி ஹாக்கிக்கு நான் போனது இப்படித்தான். என் திறமையைத் தேடி அவர் வரவில்லை, என் பேடைத் தேடி வந்தார்.

லடாக்கியில் ‘அச்சோ’ என்றால் அண்ணன். மரியாதைக்கு ‘லே’ சேர்த்து அச்சோ-லே என்பார்கள். நம் ஊரில் அச்சோ என்று எப்போது சொல்வோம் என்பதை அவரிடம் விளக்கினேன். அவர் சிரித்துவிட்டு, பனியில் முதல் மாதம் இரண்டு அர்த்தமும் பொருந்தும் என்றார். அந்த அச்சோவிடம்தான் நான் பனியில் நிற்கக் கற்றேன்.

லேயில் கர்சூ என்ற இடத்தில் ஒரு குளம். குளிர்காலத்தில் உறைந்துவிடும். ராத்திரியில் அதன் மேல் தண்ணீர் விட்டால் விடிவதற்குள் புதுப் பரப்பு உருவாகும். விரிசல் விழுந்த இடத்தில் வாளித் தண்ணீர் ஊற்றிப் பூசுவார்கள், நம் பெண்கள் வாசல் மெழுகுவது போல. சூரியன் மலைக்கு மேல் ஏறிவிட்டால் பனி இளகும். அதனால் ஆட்டமெல்லாம் அதிகாலையில். வருஷத்துக்கு இரண்டு மாதம், அதிலும் ஒரு நாளைக்குச் சில மணி நேரம். அங்கே பனி ஹாக்கி வளர்ந்தது இப்படித்தான். லடாக் ஸ்கவுட்ஸ் வீரர்கள் 1970-களில் குளங்களில் ஆடத் தொடங்கினார்கள். ராணுவ பூட்ஸின் அடியில் இரும்புப் பட்டை பொருத்திச் சறுக்கிய காலம் அது என்று அச்சோ சொல்வார். கீப்பர்களுக்குக் கிடைத்தது கிரிக்கெட் பேடும் நம்முடைய ஹாக்கிப் பேடும்தான். சர்வதேசப் பனி ஹாக்கிச் சம்மேளனத்தில் இந்தியா 1989-லேயே உறுப்பினராகிவிட்டது. ஆனால் இந்திய அணி முதல் சர்வதேசப் போட்டியில் ஆடியது 2009-ல், அபுதாபியில். இடையில் இருபது வருஷம், அந்தக் குளங்கள்தான் இந்த ஆட்டத்தை உயிரோடு வைத்திருந்தன.

பனியில் கோல் சின்னது. அகலம் 1.83 மீட்டர், நம் கோலில் சரிபாதி. உயரம் 1.22 மீட்டர். பார்த்ததும் இதைக் காப்பது எளிது என்று நினைத்தேன். பக் என்பது கெட்டி ரப்பர் வட்டு. ஏழரை சென்டிமீட்டர் குறுக்களவு, இரண்டரை சென்டிமீட்டர் தடிமன். எடை கிட்டத்தட்ட நம் பந்தின் எடைதான். வெளிநாட்டுத் தொழில்முறை ஆட்டங்களில் அது துள்ளாமல் இருக்க ஆட்டத்துக்கு முன் உறைபெட்டியில் வைப்பார்களாம். லேயில் அதற்கு அவசியமில்லை. அந்த நாடுகளின் பெரிய வீரர்கள் அடித்தால் மணிக்கு 160 கிலோமீட்டரைத் தாண்டும். எங்கள் குளத்தில் அந்த வேகம் கிடையாது. ஆனால் அடிக்கிறவன் சறுக்கிக்கொண்டே அடிக்கிறான், அவன் உடம்பின் வேகமும் பக்கோடு சேர்ந்து வருகிறது. தரை ஹாக்கியில் ஒருவன் ஓடிவந்து நின்று அடிக்கும் அந்தக் கணத்தை வைத்துத்தான் நாங்கள் தயாராவோம். பனியில் அந்தக் கணமே இல்லை.

கற்றதை மறப்பதுதான் கடினமாக இருந்தது. முதலில் கால். தரையில் பக்கவாட்டில் போக ஒரு காலைத் தூக்கி வைத்து மறுகாலைச் சேர்ப்போம். பனியில் காலைத் தூக்கி வைத்தால் உடம்பு இருந்த இடத்திலேயே நிற்கும், அல்லது விழும். பிளேடின் ஓரத்தால் பனியைக் கடித்துத் தள்ள வேண்டும். இரண்டு வாரம் ஒரு மர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு குளத்தைச் சுற்றினேன். ஆறு ஏழு வயது லடாக்கிப் பிள்ளைகள் என்னைச் சுற்றிச் சுற்றிப் பறந்தார்கள்.

அடுத்தது கை. தரை ஹாக்கியில் கீப்பர் பந்தைக் கையால் பிடித்து வைத்துக்கொள்ளக் கூடாது. தடுத்து ஒதுக்கலாம், அவ்வளவுதான். ஒன்பது வருஷமாக என் இடது உள்ளங்கை விரிந்தே இருந்து பழகியது. பனியில் இடது கையில் கிரிக்கெட் கீப்பருக்கு இருப்பது போலப் பெரிய உறை. பக் அதற்குள் வந்தால் மூடிக்கொள்ளலாம், விசில் ஊதி ஆட்டம் நின்றுவிடும். கீப்பருக்கு இதைவிட வரம் வேறு உண்டா? என் கை மூட மறுத்தது. பக் வந்து உறைக்குள் விழும், நான் விரல்களை விரித்து அதை வெளியே தெறிக்க விடுவேன். மூன்று வாரம் ராத்திரி பாரக்கில் புகாரி அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, நண்பன் ஒருவன் எறியும் சாக்ஸ் உருண்டையைப் பிடித்துப் பிடித்துக் கையைப் பழக்கினேன்.

மூன்றாவது, விழுவது. எங்கள் சுபேதார் சொல்வார்: “கீழே விழுந்த கீப்பர் பாதி கீப்பர்.” தரையில் கடைசி வரை காலில் நிற்க வேண்டும். பனியில் நேர் எதிர். முழங்கால் இரண்டையும் சேர்த்து இறக்கி, பாதங்களை இரண்டு பக்கமும் விரித்து, கோலின் அடிப்பகுதியைச் சுவர் மாதிரி மூடுகிறார்கள். வண்ணத்துப்பூச்சி என்று அந்த நிலைக்குப் பெயர். கிளென் ஹால் அதற்கு வழிகாட்டினார், பாட்ரிக் ரோவா அதை உலகத்துக்கே பொதுவாக்கினார். அவர்கள் பேடில் முழங்காலுக்குள் தனி மெத்தை இருக்கும். என் தரை ஹாக்கிப் பேடில் கிடையாது. ஒவ்வொரு தடவை இறங்கும்போதும் வெறும் முழங்கால் பனியில் மோதியது. வீக்கத்தை யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் ஆட விடமாட்டார்கள் என்ற பயம். இடது முழங்காலின் சவ்வு அந்தக் குளிர்காலத்தில் கிழிந்தது. அதை மறைத்தது என் தவறு. இதைப் படிக்கும் இளம் கீப்பர் யாராவது இருந்தால், முழங்கால் வலியை ஒருநாள்கூட மறைக்காதே, தம்பி.

இவற்றையெல்லாம் விடப் பெரிய அதிர்ச்சி ஒன்று இருந்தது. பனி ஹாக்கியில் கோலுக்குப் பின்னாலும் மைதானம் இருக்கிறது. ஆட்டக்காரன் பக்கோடு உனக்குப் பின்னால் போகலாம், அங்கிருந்து இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ வெளியே வரலாம். அப்பா சொன்ன பாடம் இங்கே நின்றுபோனது. காட்டைப் பார்க்கச் சொன்னார். இங்கே யானை வயலுக்குப் பின்னாலும் வருகிறது.

இரண்டு யூனிட்களுக்கு இடையே ஒரு ஆட்டம். கடைசி நிமிஷங்கள், 2-2. எதிரணிக்காரன் பக்கைக் கோலுக்குப் பின்னால் கொண்டுபோனான். நான் தலையைத் திருப்பி அவனைக் கண்ணால் துரத்தினேன். இடது பக்கம் வருவான் என்று பார்த்து அந்தப் பக்கம் போனேன். அவன் பின்னாலிருந்தபடியே பக்கை என் காலை நோக்கித் தட்டினான். என் பிளேடிலேயே பட்டுக் கோலுக்குள் போயிற்று. யாரும் என்னைத் திட்டவில்லை. கீப்பரை யாரும் திட்டுவதில்லை, பார்வையை வேறு பக்கம் திருப்பிக்கொள்வார்கள். அதைத் தாங்கக் கற்பதுதான் இந்தத் தொழிலில் கடைசிப் பாடம். எனக்கு அது முழுதாக வரவில்லை.

அன்று மாலை அச்சோ என்னைத் தனியாகக் குளத்துக்கு அழைத்துப் போனார். வெயில் போய்ப் பனி மறுபடி இறுகத் தொடங்கியிருந்தது. “கண்ணை மூடு” என்றார். அவர் சறுக்கிக்கொண்டு என் பின்னால் போனார். பிளேடு பனியைக் கீறும் சத்தம் கேட்டது. நேராகப் போகும்போது ஒரு சீரான ‘சர்’ என்ற சத்தம். திரும்பும்போது ஓரம் கடிக்கும் ‘கிரிச்’. நிற்கப்போகும்போது பனித்தூள் பறக்கும் ஒலி. “இப்போது எந்தப் பக்கம்?” என்பார். சொல்வேன். பத்துக்கு மூன்று சரியாக வந்தது. பிறகு ஐந்து. குளிர்காலம் முடிவதற்குள் எட்டு. “பின்னால் போனவனைக் கண்ணால் தேடாதே. ஒரு கம்பத்தைத் தோளாலும் காலாலும் பிடித்துக்கொள். மற்றதைக் காது பார்த்துக்கொள்ளும்” என்றார்.

எனக்குப் பரண் நினைவு வந்தது. நடுராத்திரியில் அப்பா கண்ணை மூடிக்கொண்டுதான் உட்கார்ந்திருப்பார், தூங்குகிறார் என்று நினைப்பேன். எங்கோ ஒரு மூங்கில் முறியும் சத்தம் கேட்டதும் அவர் கை டின்னுக்குப் போய்விடும். காட்டைப் பார் என்று அவர் சொன்னது பத்து வயசுப் பையனுக்கான பாடம். அவருடைய பாடம் வேறாக இருந்திருக்கிறது. அதை எனக்குச் சொல்லித்தர 3,500 மீட்டர் உயரத்தில் ஒரு லடாக்கி அண்ணன் தேவைப்பட்டார்.

மூன்று குளிர்காலம் அங்கே ஆடினேன். தேசிய அணிக்கு நான் ஆடியதில்லை, அந்த அளவுக்குச் சறுக்கும் திறமை எனக்கு வரவும் இல்லை. லடாக்கிப் பிள்ளைகளின் கால்களில் அது ஐந்து வயதிலேயே இறங்கிவிடுகிறது.

முகக்கவசத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 1959 நவம்பர் 1 அன்று நியூயார்க்கில் நடந்த ஆட்டத்தில் மாண்ட்ரியால் அணியின் கீப்பர் ஜாக் பிளாண்ட் முகத்தில் பக் அடித்தது. உள்ளே போய்த் தையல் போட்டுக்கொண்டு வந்தவர், பயிற்சியில் மட்டும் அணிந்துவந்த கவசத்தை மாட்டிக்கொண்டால்தான் இறங்குவேன் என்று நின்றார். கவசம் அணிந்தால் பக் கண்ணுக்குத் தெரியாது, அது பயத்தின் அடையாளம் என்று பயிற்சியாளருக்கு எண்ணம். வேறு கீப்பர் இல்லாததால் விட்டுக்கொடுத்தார். அணி வென்றது. அதன் பிறகுதான் கவசம் மெல்ல மெல்ல எல்லார் முகத்துக்கும் வந்தது. அவ்வளவு பெரிய தொழில்முறை அணியின் கீப்பரே முகத்தைக் காத்துக்கொள்ளச் சண்டை போட வேண்டியிருந்தது. கீப்பருக்கான கருவியைக் கடைசியில் வாங்கும் பழக்கம் நம் நாட்டுக்கு மட்டும் உரியது அல்ல.

2004-ல் ஓய்வுபெற்று ஊருக்கு வந்தேன். ஒசூர் சிப்காட்டில் ஒரு தொழிற்சாலை வாசலில் பாதுகாப்புப் பணி கிடைத்தது. முன்னாள் ராணுவத்தினர் பலருக்கும் அந்தப் பக்கம் கிடைக்கும் வேலை அதுதான். ஷிஃப்ட் மாறும் நேரத்தில் நூற்றுக்கணக்கான பேர் உள்ளே போவதும் வெளியே வருவதும். நான் அவர்களுக்கு முகம் காட்டி நிற்பேன், தொழிற்சாலை முதுகுக்குப் பின்னால்.

ஞாயிற்றுக்கிழமைகளில் பிள்ளைகளுக்கு ஹாக்கி சொல்லிக்கொடுக்கிறேன். தளி, ஜவளகிரி, தேன்கனிக்கோட்டைப் பக்கத்துப் பிள்ளைகள். வீட்டில் கன்னடம், தெருவில் தெலுங்கு, பள்ளியில் தமிழ் பேசுகிறவர்கள். ஓடுவதற்குச் சொல்லவே வேண்டாம், காட்டோரத்துப் பிள்ளைகளின் கால் அப்படி. 2021 ஆகஸ்டில் டோக்கியோவில் ஜெர்மனிக்கு எதிராக 5-4 என்று இருந்தபோது கடைசி விநாடிகளில் வந்த பெனால்டி கார்னரை பி.ஆர். ஸ்ரீஜேஷ் தடுத்ததை அவர்களுக்குக் கைபேசியில் எத்தனையோ முறை காட்டியிருக்கிறேன். கேரளத்துக்கு முதல் ஒலிம்பிக் பதக்கம் கொண்டுவந்தவர் மானுவல் ஃப்ரெடெரிக், இரண்டாவது ஸ்ரீஜேஷ். இருவருமே கோல்கீப்பர்கள். ஸ்ரீஜேஷின் முதல் செட் பேடுக்காக அவர் அப்பா பசுவை விற்றார் என்பது இன்று ஊரறிந்த கதை. 2024-ல் பாரிசில் பிரிட்டனுக்கு எதிராகப் பத்துப் பேரோடு ஆட்டத்தின் பெரும்பகுதியைத் தாங்கி ஷூட் அவுட்டில் வென்ற அன்றும் அவரே கோலில். அந்த இரண்டு ஒலிம்பிக்கிலும் மாற்று கீப்பராகக் காத்திருந்த கிருஷன் பாதக்கையும் பிள்ளைகளுக்குச் சொல்வேன். தயாராக இருந்து, அழைப்பு வராமல் இருப்பதும் இந்தத் தொழிலின் பகுதி.

பெண் பிள்ளைகளுக்கு லேயின் நூர் ஜஹானைச் சொல்வேன். இந்தியப் பெண்கள் பனி ஹாக்கி அணிக்குக் கோலில் நின்றவர். மற்ற நேரத்தில் லடாக்கின் பழைய சுவரோவியங்களையும் தாங்கா ஓவியங்களையும் சீர்செய்து காப்பாற்றுவது அவர் தொழில். அந்த அணி 2016-ல் தைபேயில் முதல் முறையாக வெளிநாட்டில் ஆடித் தோற்றது. அடுத்த வருஷம் பாங்காக்கில் பிலிப்பீன்சை 4-3 என்று வென்று முதல் வெற்றியைப் பெற்றது. 2025-ல் அல் ஐனில் ஆசியக் கோப்பையில் வெண்கலம் வாங்கியது. கர்சூவில் நாற்காலி தள்ளிய எனக்கு அந்த வெண்கலம் தங்கம்தான்.

தமிழ்நாடு ஹாக்கிக்குக் குறைந்த மாநிலம் இல்லை. 1980 மாஸ்கோ தங்க அணியின் கேப்டன் வி. பாஸ்கரன் நம்மவர். முகமது ரியாஸ், ஆடம் சின்கிளேர், இப்போது அரியலூர் கார்த்தி செல்வம், கோவில்பட்டி மாரீஸ்வரன் சக்திவேல் என்று பெயர்கள் வந்துகொண்டே இருக்கின்றன. 2025 கடைசியில் ஜூனியர் உலகக் கோப்பையே சென்னையிலும் மதுரையிலும் நடந்தது. ஸ்ரீஜேஷ் பயிற்சி தந்த இந்திய அணி வெண்கலம் வென்றது. ஆனால் நான் சொன்ன நம் பெயர்களில் கீப்பர் ஒருவரும் இல்லை. ஸ்டிக் ஒன்று இருந்தால் முன்கள ஆட்டக்காரன் உருவாகிவிடுவான். கீப்பருக்குப் பேட், கிக்கர், மார்புக் கவசம், தொண்டைக் கவசம், கையுறை, ஹெல்மெட் எல்லாம் வேண்டும். பள்ளிகளில் பத்து ஸ்டிக் வாங்குவார்கள், கீப்பர் செட் வாங்கும் கட்டம் வரும்போது பணம் தீர்ந்திருக்கும். பந்தைக் கண்டு பயப்படாத பிள்ளை பேட் இல்லாமல் இரண்டு அடி வாங்கினால் மூன்றாவது நாள் பயப்படக் கற்றுக்கொள்கிறது. நம்மிடமிருந்து கீப்பர்கள் அதிகம் வராததற்கு எனக்குத் தெரிந்த காரணம் இதுதான்.

ஒசூரிலும் பெங்களூரிலும் ஆடி ஓய்ந்தவர்கள் இருக்கிறீர்கள். பரணில் கிடக்கும் பழைய பேட், வார் அறுந்த கிக்கர், கம்பி வளைந்த ஹெல்மெட் எதுவானாலும் பக்கத்துப் பள்ளிக்குக் கொண்டுபோய்க் கொடுங்கள். தைக்கவும் ஒட்டவும் எங்களுக்குத் தெரியும். என்னிடம் கோலில் நிற்க ஆசைப்படும் பிள்ளைகள் நாலு பேர், அதில் ஒருத்தி பன்னிரண்டு வயதுப் பெண். நாலு பேருக்கும் சேர்த்து ஒரே ஒரு ஜோடி பேட் இருக்கிறது. ஆளுக்குக் கால் மணி நேரம் கட்டிக்கொள்கிறார்கள்.